எழுப்பாமல் விட்ட காமன்

என்னிடம் யாரும் நல்ல செய்தியோடு வந்ததில்லை. படம் நன்றாக வந்திருக்கிறது என்று சொல்ல எடிட்டரிடம் போவார்கள். காட்சி அழகாக இருக்கிறது என்று சொல்ல கேமராக்காரரிடம் போவார்கள். படத்தை நிறுத்திவிட்டார்கள், மண்டபத்தைத் தர மறுக்கிறார்கள், பொலிஸ் கூப்பிடுகிறது என்றால் மட்டும் "நானாவப் பிடி" என்பார்கள். எங்கள் ஊரில் முஸ்லிம் ஆண்களை அண்ணன் முறையில் அப்படித்தான் கூப்பிடுவார்கள். கையில் காசில்லாமல் எடுக்கப்படும் சின்னப் படங்களுக்கு அனுமதி வாங்கிக் கொடுப்பதுதான் என் தொழிலாக இருந்தது. பதுளை பஜாரில் துணிக்கடை வைத்திருந்த குடும்பத்தில் பிறந்தவன் நான். பேரம் பேசுவதைத் தவிர எனக்கு வேறு கலை தெரியாது. அதை வைத்தே சினிமாவில் தலை நரைத்து, இப்போது வீட்டில் இருக்கிறேன்.

புதிதாகக் கேமராவைத் தூக்கியிருக்கும் நீங்கள் என்னைப் பார்க்கும்போதெல்லாம் ஒரே கேள்வியைத்தான் கேட்கிறீர்கள். "வெட்டச் சொன்னா என்ன நானா பண்றது?" உங்களில் சிலர் 'ஒரு பிரேம் கூட வெட்டாதே' என்று நான் சொல்ல வேண்டும் என்று எதிர்பார்க்கிறீர்கள். மற்றவர்கள் 'வெட்டிக் கொடுத்துவிட்டுப் பிழைக்கிற வழியைப் பார்' என்று சொல்ல வேண்டும் என்று எதிர்பார்க்கிறீர்கள். இரண்டையும் படத்தைப் பார்க்காமலே சொல்லிவிடலாம். அதனால்தான் இரண்டும் எனக்குப் பிடிப்பதில்லை. பிரசாந்தின் படத்துக்கு என்ன நடந்தது என்று சொல்கிறேன், கேளுங்கள்.

பிரசாந்த் அப்புத்தளைப் பக்கத்துத் தோட்டத்துப் பிள்ளை. தாய் கொழுந்து பறித்துப் படிக்க வைத்தாள். பல்கலைக்கழகம் முடித்துவிட்டு, வீட்டில் எல்லோரும் தலையில் அடித்துக்கொள்ள, சினிமாவுக்கு வந்தான். நல்ல பையன். கோபக்காரன். அவனுடைய கோபத்தையும் என்னுடைய கோபத்தையும் ஒரே வேனில் ஏற்றிக்கொண்டு பசறை ரோட்டில் போவது டிரைவருக்குத்தான் தண்டனை.

அவன் எடுத்தது தோட்டத் தொழிலாளரின் வரிசை வீடான லயத்தில் வளரும் பதினைந்து வயதுப் பெண் ஒருத்தியைப் பற்றிய படம். பள்ளிக்கூடத்தை நிறுத்தி அவளைக் கொழும்பில் ஒரு வீட்டு வேலைக்கு அனுப்ப ஏற்பாடு நடக்கிறது. அவள் எதற்கும் அடங்குவதில்லை. தேயிலைக்குள் ஒளிந்து சிகரெட் குடிக்கிறாள், டீச்சரை எதிர்த்துப் பேசுகிறாள், அடிக்கிற தகப்பனைத் திருப்பி அடிக்கிறாள். கடைசியில் தோட்டத்துக் காமன் கூத்து நாள் வருகிறது. அந்தக் கூத்தில் சிவனின் தவத்தைக் கலைத்த காமனான மதனைச் சிவன் எரிப்பார், அவன் மனைவி ரதி புலம்புவாள், பிறகு மதனை எழுப்புவார்கள். ரதி வேஷம் எப்போதும் ஆண்தான் கட்டுவான். படத்தில் இவள் ரதி வேஷக்காரனை, கைக்குழந்தைகளை விட்டுப்போகும் பிள்ளைக் காம்பராவுக்குள் பூட்டிவிட்டு, தானே ரதியாக வந்து நிற்கிறாள். மதன் எரிந்ததும் கூத்துப் பாட்டைப் பாடாமல் தன் கதையைச் சொல்லிப் புலம்புகிறாள். தேயிலை கவ்வாத்து வெட்டுகிற கத்தியை எடுத்துத் தன் கூந்தலை அறுத்து நெருப்பில் போடுகிறாள். திரை இருண்டுவிடுகிறது. அவ்வளவுதான் படம்.

அந்த வேஷத்தில் நடித்தவள் நித்யா. ஸ்பிரிங்வெளிப் பக்கத்துத் தோட்டம் ஒன்றில் படப்பிடிப்பு நடந்தது. அங்கேயே பிறந்து வளர்ந்த பெண்தான் அவள். அந்தக் கூந்தலும் நிஜக் கூந்தல்தான். தாயும் மகளும் சம்மதித்து அறுத்தது.

நான் படப்பிடிப்பில் இல்லை. எல்லாம் முடிந்து, தணிக்கையில் சிக்கிய பிறகுதான் வழக்கம்போல என்னைப் பிடித்தார்கள். கொழும்பில் படம் பார்த்தவர்கள் கத்திக் காட்சியை எடுத்துவிடச் சொன்னார்கள். பிள்ளைகள் பார்த்துவிட்டு ஏதாவது செய்துகொள்வார்கள் என்ற பயம். பிரசாந்த் எழுந்து நின்று கலைஞனின் சுதந்திரம் பற்றி ஆரம்பித்தான். நான் மேசைக்கு அடியில் அவன் காலை மிதித்தேன். நல்ல வேளை, கெட்டிச் சப்பாத்துப் போட்டிருந்தேன்.

எனக்கு இந்த வேலையைப் பழக்கிய மனிதர் ஒருவர் இருந்தார். பெயர் வேண்டாம், அவருக்கே அது பிடிக்காது. "கோவமா வர்றவன்கிட்ட ஒனக்கு என்ன வேணும்னு கேக்காத. என்ன நடந்துச்சுன்னு கேளு" என்பார். அன்று கொழும்பில் அதைத்தான் செய்தேன். காட்சியை எடுத்துவிடச் சொன்ன தணிக்கைக்கார அம்மையாரிடம், நீங்கள் எங்காவது இப்படி ஏதும் பார்த்திருக்கிறீர்களா என்று மெதுவாகக் கேட்டேன். அவர் தான் படிப்பித்த பள்ளிக்கூடத்தில் ஒரு மாணவி தன்னைக் காயப்படுத்திக்கொண்டதைச் சொன்னார். அப்படியானால் நீங்கள் பயப்படுவது சரிதான் என்றேன். ஆனால் இந்தப் பெண் தன் உடம்பில் கை வைக்கவில்லை, மற்றவர்கள் இழுத்து அடித்த கூந்தலைத்தான் கழற்றிப் போடுகிறாள், இதை எடுத்துவிட்டால் படத்தில் மிஞ்சுவது அவள் வாங்கிய அடி மட்டும்தான் என்றேன். மீண்டும் ஒரு தடவை பார்த்தார்கள். வயது வந்தவர்களுக்கு மட்டும் என்று சொல்லி, வெட்டில்லாமல் விட்டார்கள். பிரசாந்த் என்னைக் கட்டிப் பிடித்தான். எனக்குக் கால் வலிதான் மிச்சம், அவன் பழிக்குப் பழியாகத் திருப்பி மிதித்திருந்தான்.

பெரிய கண்டம் தாண்டிவிட்டோம் என்று நினைத்தோம். பதுளையில் ஒரு மண்டபம் பேசி, ஞாயிற்றுக்கிழமை காட்சி என்று அறிவித்தோம். டிரெய்லர் எல்லோருடைய போனிலும் ஓடியது. அது ரதியின் புலம்பலோடு முடிகிற டிரெய்லர். அதற்குப் பிறகுதான் மனு வந்தது, நித்யாவின் தோட்டத்திலிருந்தே.

மனுவில் எல்லா மனுவிலும் இருப்பதுதான் இருந்தது. கலாசாரச் சீரழிவு, பெண் பிள்ளைகள் கெட்டுப்போவார்கள், தோட்டத்து மக்களுக்கு அவமானம். கோயில் கமிட்டிக்காரர்களும் தோட்டத் தலைவரும் கையெழுத்துப் போட்டிருந்தார்கள். பொலிஸ் பொறுப்பதிகாரி என்னைக் கூப்பிட்டு நேராகவே சொன்னார். படத்தில் என்ன இருக்கிறது என்பது அவருக்குக் கவலை இல்லை. மண்டபத்து வாசலில் ஒரு கல் விழுந்தால் அந்த நிமிடமே நிறுத்திவிடுவார். இரண்டு லொறி நிறைய ஆட்கள் வரப்போவதாக அவருக்குத் தகவல் வந்திருந்தது.

"பிரஸ் மீட் வைப்போம் நானா. ஒரு பிரேம் வெட்ட மாட்டேன்" என்றான் பிரசாந்த்.

"வெட்டச் சொல்லி யாரு கேட்டா?" என்றேன். மனுவில் அது இல்லை. தடை செய்யச் சொல்லியிருந்தார்கள், எந்தக் காட்சி என்று ஒரு வார்த்தை இல்லை. எனக்கு அது உறுத்தியது. வெட்கப்பட்டவன் எந்த இடத்தில் வெட்கப்பட்டான் என்று சொல்லிவிடுவான். இவர்கள் வேறு எதையோ மனசில் வைத்துக்கொண்டு கலாசாரம் என்று எழுதியிருக்கிறார்கள். பிரசாந்தை இழுத்துக்கொண்டு தோட்டத்துக்குப் போனேன்.

கோயில் முற்றத்தில் கமிட்டி கூடியிருந்தது. காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக் கலைந்து, கொழுந்து பறிக்க மலைக்குப் போகாதவர்கள் சுற்றி நின்றார்கள். எங்களுக்கு நாற்காலி போட்டார்கள், தேத்தண்ணி வரவில்லை. தோட்டத்துக்கு யாராவது வந்தும் தேத்தண்ணி வரவில்லை என்றால் நிலைமையை நீங்களே புரிந்துகொள்ளலாம். முன்னால் ஒரு சின்னப் பொட்டல். காமன் கூத்து நடக்கிற இடம். நடுவில் எரிந்து கருகிய கம்பம் ஒன்று அப்படியே நின்றது. சுற்றி யாரோ முள்ளை வெட்டிப் போட்டிருந்தார்கள். பள்ளிக்கூடம் போகிற பிள்ளைகள் குறுக்கே ஓடாமல் வளைந்து போனதைக் கவனித்தேன்.

தலைவர் கலாசாரம் பற்றிப் பேசினார். நான் குறுக்கிடாமல் கேட்டேன். முடித்ததும், "தலைவரே, நீங்க என்ன வேணும்னு எழுதிட்டீங்க. என்ன நடந்துச்சுன்னு எழுதலையே?" என்றேன்.

அவர் பிரசாந்தைப் பார்த்தார். "தம்பிகிட்ட கேளுங்க நானா. எரிச்சுப்புட்டு வேன்ல ஏறிப் போனவரு அவருதான?"

கூட்டத்தின் ஓரத்தில் நின்ற கூத்து மாஸ்டர், அந்தத் தோட்டத்தில் தலைமுறையாகக் காமன் கூத்து ஆட்டுவிக்கும் குடும்பத்து மனிதர், தலையைக் குனிந்துகொண்டார்.

கொஞ்சம் கொஞ்சமாகத்தான் வெளியே வந்தது. கொழும்பிலிருந்து வந்த கூட்டமாக இருந்தால் ஏதாவது ஒரு மைதானத்தில் பிளாஸ்டிக் கம்பத்தை நட்டு, கூத்து மாதிரி எதையோ எடுத்துக்கொண்டு போயிருப்பார்கள். யாருக்கும் எதுவும் ஆகியிருக்காது. பிரசாந்த் தோட்டத்துப் பிள்ளை. சின்ன வயதில் தப்பு மேளம் அடிக்கிற தப்புக்காரர்கள் பின்னால் ஓடியவன். எல்லாம் நிஜமாக இருக்க வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தான். நிஜப் பொட்டலில், நிஜ மாஸ்டரை வைத்து, முறைப்படி காமன் கம்பம் நட்டான். ரதிக்கும் மதனுக்கும் மஞ்சள் கயிற்றில் காப்புக் கட்டச் சொன்னான். வேஷம் கட்டிய இருவரையும் விரதம் இருக்கச் சொன்னான். சாயங்கால வெளிச்சத்தில் எரியும் காட்சியை எடுத்தார்கள். அவன் கதை அங்கே முடிகிறது. மறுநாள் மழை பிடித்துக்கொண்டது, மண் சரிந்து ரோடு அடைபடும் என்று பயந்து சாமான்களைக் கட்டிக்கொண்டு கிளம்பிவிட்டார்கள். எரித்த காமனை எழுப்பவில்லை. எழுப்பிய பிறகே கழற்ற வேண்டிய காப்பை, உடுப்பு கவனித்த பெண் நித்யாவின் கையிலிருந்து கத்தரிக்கோலால் வெட்டி எறிந்துவிட்டாள்.

"நான் படந்தான எடுத்தேன், கூத்தா வச்சேன்?" என்றான் பிரசாந்த். குரல் அவனுக்கே கேட்கவில்லை.

மாஸ்டர் அப்போதுதான் வாயைத் திறந்தார். "நெசமா இருக்கணும்னு நீங்கதான தம்பி சொன்னீங்க? நான் நெசமாத்தான் நட்டேன்."

இதைத் தோட்டத்துப் பிள்ளை ஒருவன்தான் செய்ய முடியும், பாருங்கள். தெரியாதவன் பொய்யாக நட்டிருப்பான். தெரிந்தவன் நிஜமாக நட்டுவிட்டு, தன் கதை முடிந்த இடத்தில் கூத்தும் முடிந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டான்.

அங்கிருந்து நித்யாவின் வீட்டுக்குப் போனோம். லயத்தின் கடைசி வீடான தொங்கல் காம்பரா. தாய் லெச்சுமி எங்களை உள்ளே கூப்பிட்டுத் தேத்தண்ணி ஊற்றினாள். நான் கேட்காமலே சொல்ல ஆரம்பித்தாள். காமன் எரிந்து எழும்பாததால் அவள் மகளை அறுத்த ரதி என்கிறார்களாம். தாலியறுத்தவள் என்று அர்த்தம். கலியாணமே ஆகாத, பதினெட்டு வயதில் ஏ.எல். பரீட்சைக்குப் படிக்கிற பெண்ணை. சித்தப்பா மகள் கலியாணத்தில் ஆரத்தித் தட்டை எடுக்கப் போனவளை, நீ வேண்டாம் என்று ஒதுக்கிவிட்டார்கள். பீலியில் தண்ணீர் பிடிக்கப் போனால் பக்கத்து வீட்டுச் செல்லம்மா தன் குடத்தை நகர்த்தி வைக்கிறாள்.

"திட்டுனா திருப்பித் திட்டிரலாம் நானா. கொடத்த நவுத்துறவள என்னா சொல்றது?" என்றாள் லெச்சுமி.

"இத ஏன் எங்கிட்ட சொல்லல?" என்று பிரசாந்த் நித்யாவைக் கேட்டான்.

"போன் எடுத்தேண்ணே. எடிட்டிங்ல இருக்கீங்கன்னாங்க." அவள் அதைக் குற்றமாகச் சொல்லவில்லை. அதுதான் எனக்கு வலித்தது.

இனி நடந்ததைத்தான் நீங்கள் கவனமாகக் கேட்க வேண்டும். காமனை எழுப்பிவிடுவோம், விஷயம் முடிந்தது என்று நான் சொன்னேன். பிரசாந்த் மறுத்தான். அவன் மறுத்ததில் நியாயம் இருந்தது.

"எழுப்புனா என்ன அர்த்தம் நானா? அறுத்தவன்னு சொன்னது சரின்னு நாமளே ஒத்துக்கிட்டதா ஆகாதா? அறுத்தவளா இருந்தா மட்டும் கொடத்த நவுத்தலாமா? என் படமே இதுக்கு எதிராத்தான?"

அறுத்தவள் என்ற அந்தச் சொல்லின் மேல் எனக்கும் ஆத்திரம் உண்டு, இப்போதும் உண்டு. என் சொந்த அக்கா இளம் வயதில் விதவையாகி, கடைக்குள் காலடி வைத்தால் ஆட்கள் முகம் திருப்பியதைப் பார்த்தவன் நான். மூட நம்பிக்கைக்கு அடிபணிவது ஒரு பக்கம், ஒரு பெண்ணை நடுத்தெருவில் விடுவது மறு பக்கம். ஞாயிறு நெருங்கிக்கொண்டிருந்தது. நாங்கள் இரண்டு ஆண்கள் அந்தச் சின்னக் காம்பராவில் உட்கார்ந்து அவளைப் பற்றித் தர்க்கம் செய்துகொண்டிருந்தோம். அவளிடம் ஒருவரும் கேட்கவில்லை.

அவளே பேசினாள். "எனக்கு இதுல நம்பிக்க இல்லண்ணே. ஆனா நம்புறவங்க கூடத்தான் நான் இருக்கேன். நீங்க பஸ் ஏறிருவீங்க, நான் நாளைக்கும் அதே பீலிக்குத்தான் போகணும்." தோளைத் தொட்டுக்கொண்டிருந்த முடியை இழுத்துக் காட்டினாள். "இத வெட்டுனது நானே ஒத்துக்கிட்டது. வளருது. அறுத்தவங்கிற பேரு நான் ஒத்துக்கிட்டது இல்ல. எழுப்புங்க."

பிரசாந்த் முகத்தைத் திருப்பிக்கொண்டான். பிறகு சரி என்றான்.

மீண்டும் கோயில் முற்றம். எழுப்புகிறோம் என்றதும் கமிட்டிக்கு உள்ளூர நிம்மதி. ஆனால் பேரத்தில் நிம்மதியைக் காட்டுகிறவன் உண்டா? தலைவர் ஒரு நிபந்தனை போட்டார். முறைப்படி ரதி வேஷத்தை ஆம்பிளைப் பையன் ஒருவன் கட்ட வேண்டும். பெண் பிள்ளையைப் பொட்டலில் இறக்கியதால் வந்த வினைதான் எல்லாம் என்றார்.

"முடியாது" என்றாள் நித்யா. கூட்டத்துக்குப் பின்னால் தாயோடு வந்து நின்றிருந்தாள். "காப்பு எங் கையிலதான கட்டுனீங்க? எரிச்சப்ப நான்தான் ரதி. வேற ஆளு எழுப்புனா என் காப்பு எப்பிடிக் கழலும்?"

எல்லோரும் ஒரே நேரத்தில் பேசினார்கள். கமிட்டியில் ஒருவர் செருப்பை உதறிக்கொண்டு எழுந்தார். தலைவர் மாஸ்டரைப் பார்த்தார். மாஸ்டருக்கு இதில் மாட்டிக்கொள்ள விருப்பமில்லை என்பது முகத்தில் தெரிந்தது. அவருக்கும் அதே லயத்தில்தான் வீடு. தலையைச் சொறிந்தார், தரையைப் பார்த்தார், சால்வையை மடித்தார். அவர் 'ஆம்பிளைதான்' என்று சொல்லியிருந்தால் எல்லாம் முடிந்திருக்கும். அவள் வந்திருக்க மாட்டாள், நாங்களும் அவளை வற்புறுத்தியிருக்க மாட்டோம்.

"காப்புக் கட்டுன கைதான் காப்பக் கழட்டணும்" என்றார் கடைசியில். "அது பொண்ணா ஆணான்னு எங்கப்பன் சொல்லித் தரல."

"மாசி மாசம் இல்லியே, எப்பிடி எழுப்புறது?" என்று யாரோ கேட்டார்கள்.

"நட்டது மட்டும் மாசியிலயா நட்டாக?" என்று மாஸ்டர் சீறினார். பயந்த மனிதருக்குத் துணிச்சல் வந்துவிட்டால் நிற்காது. கூட்டத்தில் பெண்கள் சிலர் சிரித்துவிட்டார்கள்.

தலைவர் விடவில்லை. "சரி, அப்ப அந்த முடி வெட்டுற சீனையும் எடுத்துருங்க. நாங்களும் மனுவ வாபஸ் வாங்கிக்கிறோம்." கைநீட்டினார். சுற்றி நின்றவர்கள் என்னைப் பார்த்தார்கள். ஒரு காட்சி போனால் ஞாயிற்றுக்கிழமை கல் விழாது. என் தொழிலில் அதைவிட மலிவான பேரம் எனக்குக் கிடைத்ததில்லை.

நான் அந்தக் கையைப் பிடிக்கவில்லை. "தலைவரே, காமன எழுப்புறது நாங்க செய்ய வேண்டிய வேல. அதுக்கு வெலையே பேச மாட்டோம், மனுவ நீங்க வாபஸ் வாங்காட்டியும் எழுப்புவோம். படம் எங்களோடது. அதுல ஒரு மயிரையும் தர மாட்டேன்" என்றேன். சொன்ன பிறகுதான் என்ன சொன்னேன் என்று உறைத்தது. நல்ல வேளை, செல்லம்மா என்ற அந்தக் குடத்துக்காரிதான் முதலில் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். தலைவர் சிரிக்கவில்லை. மனுவை வாபஸ் வாங்குவதாகவும் சொல்லவில்லை.

மதன் வேஷம் கட்டிய பையன் எல்ல நகரத்தில் ஒரு ஹோட்டலில் வேலை செய்தான். லீவு கேட்டு வாங்கி, வெள்ளிக்கிழமையே வந்துவிட்டான். சனிக்கிழமை காலை பனி விலகுவதற்கு முன் முள்ளை அகற்றினார்கள். தப்புக்காரர்கள் தீமூட்டித் தப்பைக் காய்ச்சினார்கள். நித்யா ரதி வேஷத்தில் வந்தாள். தோள்வரை நின்ற முடிக்கு யாரோ பூச்சரம் செருகியிருந்தார்கள். பிரசாந்தின் கேமராக்காரன் கேமராவை எடுத்து வந்திருந்தான். இவ்வளவு நல்ல வெளிச்சம் வருஷத்தில் சில நாள்தான் கிடைக்கும் என்று அவன் முணுமுணுத்தது எனக்கும் கேட்டது.

நித்யா பொட்டலுக்குள் கால் வைக்காமல் நின்றாள். "கேமரா வேணாம்ணே. போன்லயும் வேணாம்."

பிரசாந்த் கேமராவை வாங்கி, தானே பெட்டிக்குள் வைத்துப் பூட்டினான். அவன் எடுத்த எந்தக் காட்சியையும்விட அந்தப் பூட்டுக்காக அவனை மதிக்கிறேன். நடந்ததை உங்களுக்கு வர்ணிக்கப் போவதில்லை. எடுக்க வேண்டாம் என்று அவள் சொன்னது எனக்கும் சேர்த்துத்தான். மதன் எழுந்தான், மாஸ்டர் புதிதாகக் கட்டிய காப்பை அவளே கழற்றினாள், லெச்சுமி அழுதாள். செல்லம்மா கொஞ்சம் தள்ளி, கைகளைக் கட்டிக்கொண்டு பார்த்தாள். யாரிடமும் எதுவும் பேசாமல் மலைக்குப் போய்விட்டாள்.

ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் மண்டபம் நிறைந்துவிட்டது. வாசலில் பொலிஸ். தகவல் பொய்யில்லை, இரண்டு லொறிகள் வந்தன. தலைவர் முதல் லொறியில் முன்னால் உட்கார்ந்து வந்தார். இறங்கியவர்கள் சுலோக அட்டை எதுவும் வைத்திருக்கவில்லை. டிக்கெட் கேட்டார்கள். பொறுப்பதிகாரி என்னைப் பார்த்தார், நான் தோளைக் குலுக்கினேன். மனு இன்னும் அவர் மேசையில்தான் இருந்தது. இவர்கள் பார்க்க வந்தார்களா, நிறுத்த வந்தார்களா என்று எனக்கும் தெரியாது.

படம் ஓடியது. தகப்பனைத் திருப்பி அடிக்கிற இடத்தில் ஒரு நாற்காலி சத்தமாக நகர்ந்தது. யாரோ எழுந்து போனார்கள். மற்றவர்கள் இருந்தார்கள். பிரசாந்த் என் பக்கத்தில் உட்கார்ந்து நகத்தைக் கடித்தான். காமன் எரிந்தான். ரதி புலம்பினாள். கத்தி கூந்தலில் பட்டது. திரை இருண்டது.

அந்த இருட்டில் ஒரு குரல் வெடித்தது. வேறு தோட்டத்திலிருந்து வந்த யாரோ ஒரு பெண். "அடப் பாவிகளா, காமன எழுப்பாம முடிச்சுப்புட்டானுகளே! அந்தப் புள்ளய அப்பிடியே விட்டுப்புட்டானுகளே!"

சலசலப்பு எழுந்தது. பின் வரிசையில் ஆட்கள் எழுந்தார்கள். விளக்கு இன்னும் வரவில்லை. வாசல் கதவு திறந்து பொறுப்பதிகாரியின் தொப்பி தெரிந்தது. பிரசாந்த் என் கையை இறுக்கிப் பிடித்தான். முன் வரிசையில் தாயோடு இருந்த நித்யாவின் தலை மெல்லக் குனிவதைப் பார்த்தேன். எல்லாவற்றையும் செய்தும் இதுதானா என்று நினைத்தேன்.

அப்போது நடுவிலிருந்து இன்னொரு குரல் வந்தது. மலையில் ஒரு தேயிலை நிரையிலிருந்து அடுத்த நிரைக்குக் கூப்பிட்டுப் பழகிய குரல்.

"ஏய், சும்மா இரு! எழுப்பியாச்சு! எங்க பொட்டல்லதான் எழுப்புனாங்க, நான் பாத்தேன்! இந்தப் புள்ளதான் ரதி!"

விளக்கு வந்தது. செல்லம்மா எழுந்து நின்று, விரலை நீட்டி நித்யாவைக் காட்டிக்கொண்டிருந்தாள். மண்டபம் முழுவதும் திரும்பி அந்தப் பெண்ணைப் பார்த்தது. நித்யா எழுந்து நின்றாள்.